மகரக்கட்டும் ஒலிவாங்கியும்: கிள்ளான் பள்ளத்தாக்கில் குரல் என்னும் தொழில்

நூறு ஆண்டுகளுக்கு முன் தமிழ்நாட்டு பாய்ஸ் கம்பெனிகளில் பிள்ளைகள் எல்லாரும் அஞ்சிய சொல் ஒன்று இருந்தது: மகரக்கட்டு. 13, 14 வயதில் சிறுவனின் தொண்டை உடைகிற பருவத்துக்கு நாடகக்காரர்கள் வைத்த பெயர் அது. முந்தைய மாதம்வரை ஸ்திரீபார்ட்டில் நின்று கடைசி வரிசைக்கும் கேட்கும்படி பாடிய பையன், மகரக்கட்டு வந்ததும் வேடத்தை இழப்பான். குரல் திரும்பினால் ராஜபார்ட். திரும்பாவிட்டால் சில்லறை வேடம், ஒப்பனை அறை, அல்லது ஊருக்கு ரயில். ஒலிபெருக்கி இல்லாத காலத்தில் நடிகனின் முதல் மூலதனம் முகம் அன்று, தொண்டைதான். இந்தப் பழைய சொல்லை இன்று கோலாலம்பூரில் நினைவுகூரக் காரணம் உண்டு. 2007 செப்டம்பரில், நோன்பு மாதத்தில், டிவி9 அலைவரிசையில் தொடங்கிய ‘உப்பின் இப்பின்’ கார்ட்டூனில் இரட்டைச் சிறுவர் இருவருக்கும் குரல் கொடுத்தவர் நூர் ஃபாத்தியா டியாஸ் என்ற பள்ளிச் சிறுமி. அன்று பையன்கள் பெண்ணாகப் பேசினார்கள். இன்று பெண்கள் பையன்களாகப் பேசுகிறார்கள். மேடை திரையாயிற்று, திரை கணினிப் படமாயிற்று. தொண்டையின் கணக்கு மட்டும் மாறவில்லை. மேடையில் நடிப்பது, ஒலிக்கூடத்தில் கார்ட்டூனுக்குப் பேசுவது, வகுப்பில் பிள்ளைகளுக்குக் கற்றுக்கொடுப்பது ஆகிய மூன்றையும் செய்து வாழும் ஒரு நடிகையை நாம் வருமானத்துக்காகத் தொழில் மாறித் திரிபவராகவே பார்த்துப் பழகியிருக்கிறோம். அது ஒரே கலையின் ஒரே உழைப்பு என்பதும், அதன் வேர் வகுப்பறையில்தான் இருக்கிறது என்பதும் இக்கட்டுரையின் வாதம்.

முதலில் தொண்டையின் கணக்கைப் பார்ப்போம். பருவமெய்தாத சிறுவனின் பேச்சுக் குரல் நொடிக்கு ஏறத்தாழ 250 முதல் 300 அதிர்வு. வளர்ந்த பெண்ணின் குரல் 200ஐ ஒட்டி நிற்கும். ஆணுடையது 120 அளவுக்கு இறங்கிவிடும். ஆகவே ஒரு சிறுவன் பாத்திரத்துக்குச் சிறுவனையே பேசவைத்தால் சில ஆண்டுகளில் மகரக்கட்டு வந்து பாத்திரத்தைப் பறித்துக்கொள்ளும். பயின்ற ஒரு பெண் அதே பாத்திரத்தைப் பத்து இருபது ஆண்டுகள் காத்துத் தருவார். அமெரிக்காவில் ‘சிம்ப்சன்ஸ்’ தொடரின் குறும்புக்காரப் பையன் பார்ட்டுக்கு நான்சி கார்ட்ரைட் என்ற பெண் 1980களிலிருந்து பேசிவருவது இதனால்தான். மலேசியாவிலும் அதே வழிதான். உப்பின் இப்பின் குரல் சில ஆண்டுகளில் அசியேலா புத்ரியிடம் போனது. நூர் ஃபாத்தியாவோ 2011இல் அனிமோன்ஸ்தா நிறுவனத்தின் ‘பொபொய்பொய்’ தொடரில் நாயகச் சிறுவனின் குரலானார். 2016இல் வந்த ‘ஏஜென் அலி’யின் பன்னிரண்டு வயது உளவாளிக்கும் பேசியவர் ஒரு பெண், ஈடா ரஹாயு. நாட்டின் பிள்ளைகள் கொண்டாடும் இந்த மூன்று தொடர்களின் சிறுவர் பாத்திரங்களும் பெண்களின் தொண்டையிலிருந்து பிறந்தவை. தெருவில் எவரும் அடையாளம் காணாத நடிகைகள் இவர்கள். நாட்டிலேயே மிகப் பரவலாகக் கேட்கப்படும் நடிப்பும் இவர்களுடையதே.

‘முகம் தெரியாத நடிப்பு அரை நடிப்புத்தானே?’ என்று கேட்பவர்கள் உண்டு. கேள்வியைத் தள்ளிவிட முடியாது; மேடையில் உடல், கண், கை, நடை எல்லாம் பேசுகின்றன, ஒலிக்கூடத்தில் அவை எவருக்கும் தெரிவதில்லை. ஆனால் கார்ட்டூன் உருவாகும் வரிசையை அறிந்தவர்கள் இந்தக் கேள்வியைத் திருப்பிப் போடுவார்கள். ஆயத்தமான படத்துக்கு வாயசைவு பார்த்துப் பேசுவது டப்பிங். சொந்தமாகப் படைக்கும் கார்ட்டூனில் பெரும்பாலும் குரல்தான் முதலில் பதிவாகிறது. அந்தப் பதிவைக் காதில் வைத்துக்கொண்டுதான் அனிமேஷன் கலைஞர் வாயைத் திறக்கிறார், புருவத்தை உயர்த்துகிறார், தோளைக் குலுக்குகிறார். நடிகை ஒரு சொல்லுக்கு முன் இழுத்துவிட்ட அரை நொடி மூச்சு, திரையில் பாத்திரத்தின் தயக்கமாக உருவெடுக்கிறது. அவருடைய உடல் காணாமல் போகவில்லை. வேறொருவர் கையால் வரையப்பட்டுத் திரும்பி வருகிறது. ஆகவே ஒலிவாங்கி முன் நிற்பவர் உடம்பைக் கட்டிப்போட்டுக்கொண்டு பேச முடியாது. ஓடும் காட்சிக்கு உடல் ஓடவேண்டும், ஆனால் வாய் ஒலிவாங்கியிலிருந்து ஒரு சாண் தூரம் விலகக்கூடாது. பகரம் வெடித்துப் பதிவைக் கெடுக்கக்கூடாது. மேடைப் பயிற்சி இல்லாதவருக்கு இது வராது. மூச்சை அடிவயிற்றில் தாங்கிக் குரலை அனுப்பத் தெரிந்தவர்தான் அதே மூச்சை அடக்கிக் காதோரம் பேசவும் முடியும்.

தமிழுக்கு இது புதிய அறிவும் இல்லை. தொல்காப்பியத்தின் பிறப்பியல், உந்தியிலிருந்து எழும் காற்று தலை, மிடறு, நெஞ்சு, பல், இதழ், நா, மூக்கு, அண்ணம் என்னும் எட்டு இடங்களில் எப்படி எழுத்தாகிறது என்று கணக்கிட்டுச் சொல்கிறது. அதை இலக்கண மாணவர்கள் தேர்வுக்காக மனப்பாடம் செய்கிறார்கள். ஒரு குரல் நடிகைக்கோ அது தொழிற்கையேடு. மூக்கில் சற்று அதிகம் ஏற்றினால் கிழவி, நெஞ்சில் இறக்கினால் பூதம், அண்ணத்துக்கு முன்னே நாவைத் தள்ளினால் மழலை. ஒரே நாளில் நான்கு பாத்திரம் பேசுகிறவர் செய்வதெல்லாம் இந்த எட்டு இடங்களுக்கிடையே குடிபெயர்வதுதான்.

மூன்று வேலையும் ஒருவரிடம் ஒன்றாக நிற்கும் வாழ்க்கைக்கு நம் பகுதிப் பிள்ளைகள் எல்லாரும் அறிந்த ஒரு சான்று உண்டு, பெயரை மட்டும் அறியமாட்டார்கள். டோரேமோன் என்ற நீலப் பூனையின் குரல் நெடுங்காலம் ஜப்பானிய நடிகை நொபுயோ ஓயாமாவினுடையதாக இருந்தது. 1933இல் தோக்கியோவில் பிறந்தவர். கரகரத்த குரலுக்காகப் பள்ளியில் கேலி செய்யப்பட்டவர். அந்தக் குரலை ஒளித்துவைக்காதே, பயன்படுத்து என்று தாயார் சொன்னதால் பள்ளி ஒலிபரப்புக் குழுவில் சேர்ந்தார். பின் ஹைய்யூசா நாடகக் குழுவின் பயிற்சிக்கூடத்தில் நடிப்புப் படித்து, 1950களில் ‘லாஸி’ தொடரின் ஜப்பானிய டப்பிங்கில் ஒரு சிறுவனுக்குப் பேசி ஒலிக்கூடத்துக்குள் வந்தார். 1979 முதல் 2005 வரை 26 ஆண்டுகள் அவரே டோரேமோன். அந்த வேடத்தை அடுத்த தலைமுறைக்கு விட்டுக்கொடுத்த பின், 2007இல் ஒலிக்கலை கற்பிக்கும் கல்லூரியொன்றின் முதல்வரானார். 2024 செப்டம்பரில் 90 வயதில் மறைந்தார். இந்த வாழ்க்கையில் மேடை தோற்றதால் டப்பிங், டப்பிங் முடிந்ததால் ஆசிரியத் தொழில் என்ற இறங்குமுகம் எங்கே? நாடகப் பள்ளி கொடுத்ததை ஒலிக்கூடம் பெருக்கியது, ஒலிக்கூடம் பெருக்கியது மறுபடி பள்ளிக்குத் திரும்பியது. யோகி கரடிக்குப் பேசிய டாஸ் பட்லர் வீட்டுப் பட்டறையில் பயிற்றுவித்தவர்களில் ஒருவர்தான் மேலே சொன்ன நான்சி கார்ட்ரைட் என்பதையும் சேர்த்துப் பார்க்கவேண்டும். குரல் நடிப்பு எந்த நாட்டில் வேர் பிடித்ததோ, அங்கெல்லாம் ஒரு வாத்தியார் இருந்திருக்கிறார்.

வாத்தியார் என்ற சொல்லையே நாடகத்துக்குத் தந்தவர்கள் நாம். சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) எமனாகவும் சனீசுவரனாகவும் மேடையேறியவர். பிறகு நடிப்பை விட்டு, பையன்களுக்குப் பாடமும் பாட்டும் சொல்லித்தரும் வாத்தியாராக நின்றார். தமிழ் நாடகம் அவரை நடிகராக நினைவில் வைக்கவில்லை, ஆசிரியராகத்தான் தலைமேல் வைத்திருக்கிறது. இன்னும் பின்னே போனால் சிலப்பதிகாரத்தின் அரங்கேற்று காதை இருக்கிறது. மாதவி ஐந்து வயதில் தொடங்கி ஏழாண்டு பயின்று பன்னிரண்டில் அரங்கேறுகிறாள். அவள் ஆடுவதைச் சொல்வதற்கு முன் இளங்கோ ஆடலாசான், இசையாசிரியன், கவிஞன், தண்ணுமையோன், குழலோன், யாழோன் என ஆசிரியர் ஒவ்வொருவருடைய தகுதியையும் நிதானமாக விரித்துரைக்கிறார். நடிகைக்கு முன் ஆசிரியர் என்பது அந்தக் காதையின் அமைப்பிலேயே இருக்கிறது.

இப்போது கிள்ளான் பள்ளத்தாக்குக்கு வருவோம். பிரிக்பீல்ட்ஸை ஒட்டிய கேஎல் சென்ட்ரலில் கிள்ளான் துறைமுகம் போகும் கேடிஎம் ரயிலில் ஏறினால், இந்தக் கலையின் நிலப்படம் வரிசையாகவே வருகிறது. பிரிக்பீல்ட்ஸ் ஜாலான் பெர்ஹாலாவில் நுண்கலைக் கோயில். சுவாமி சாந்தானந்த சரஸ்வதியின் ஊக்கத்தால் 1981இல் எழுந்தது. அங்கே கற்பிக்கும் கூடமும் அரங்கேறும் மேடையும் ஒரே கூரைக்கீழ். இரண்டு நிலையம் தள்ளி அங்காசாபுரி. 1968இல் திறக்கப்பட்ட ஒலிபரப்பு வளாகம். 1946இல் ரேடியோ மலாயாவாகத் தொடங்கிய காலத்திலிருந்து தமிழ் ஒலித்துவரும் வானொலிக்கு வீடு, இன்றைய மின்னல் எஃப்எம் உட்பட. வானொலி நாடகம் என்பது படமில்லாத கார்ட்டூன். கதவு திறக்கும் ஓசைக்கும் பாத்திரத்தின் பெருமூச்சுக்கும் நடுவே ஒரு வீட்டையே கட்டியெழுப்பிய கலைஞர்களின் பள்ளி அது. இன்னும் மேற்கே ஷா ஆலாம். உப்பின் இப்பினைப் படைத்த லெஸ் கொப்பாக் அங்கேதான் இருக்கிறது. பிறகு கிள்ளான். மேடை, குரல், படம், பள்ளி எல்லாம் ஒரே தண்டவாளத்தில் இருக்கின்றன; ஆனால் ஒரு நிலையத்தில் பயின்றவர் அடுத்த நிலையத்தில் இறங்கி வேலை செய்யும் வழக்கம்தான் போதிய அளவுக்கு ஏற்படவில்லை.

இந்த ஊரில் மேடை தன்னந்தனியே ஒருவருக்குச் சோறு போட்டதில்லை என்பது உண்மை. ஆனால் அதன் விளைவைத் துயரக்கதையாக மட்டும் பார்ப்பது பிழை. கோலாலம்பூரின் நவீன நாடகத்தைத் தாங்கியவர்களின் பெயர்களை எடுத்துப் பாருங்கள். 1984இல் ஃபைவ் ஆர்ட்ஸ் சென்டரைத் தொடங்கியவர்களில் முதன்மையான கிருஷன் ஜித் மலாயாப் பல்கலைக்கழகத்தில் வரலாறு கற்பித்தவர். அவரோடு நின்ற நடனக் கலைஞர் மேரியன் டி குரூஸ் அஸ்வாரா கலைக்கழகத்தில் கற்பித்தவர். அவர்கள் மேடையேற்றிய ‘தி கார்ட்’ நாடகத்தை எழுதிய கே. எஸ். மணியம் மலாயாப் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கிய விரிவுரையாளராக இருந்தவர். 1989இல் ஆக்டர்ஸ் ஸ்டூடியோவைத் தொடங்கிய ஃபரிடா மெரிக்கனும் ஜோ ஹாஷாமும் நாடகத்தோடு நடிப்பு வகுப்பையும் சேர்த்தே நடத்தினார்கள். மெர்டேக்கா சதுக்கத்தின் கீழே இருந்த அவர்களுடைய அரங்கத்தை 2003 ஜூன் வெள்ளம் அழித்தது. இரண்டே ஆண்டில் செந்தூலின் பழைய ரயில் பட்டறைக் கட்டடத்தில் கேஎல்பேக் நாடக அரங்கம் எழுந்தது. தமிழ்த் தொழிலாளர் தலைமுறைகள் இரும்படித்த பகுதி அது. அரங்கம் வெள்ளத்தில் போனாலும் கற்றவர்கள் போய்விடவில்லை. நாடகம் மறுபடி நின்றதற்குக் கட்டடத்தைவிட அவர்களே காரணம் என்று நான் கொள்கிறேன்.

வாதத்தின் கடினமான பகுதி இனிமேல்தான். மலேசிய அனிமேஷனின் தொடக்கத்திலேயே ஓர் இந்தியப் பெயர் இருக்கிறது. அரசுப் பட நிறுவனமான ஃபிலெம் நெகாராவில் வேலை செய்த ஆனந்தம் சேவியர் 1978இல் முடித்த ‘ஹிக்காயாட் சாங் கஞ்சில்’ என்ற குறும்படம்தான் நாட்டின் முதல் கார்ட்டூன் எனப்படுகிறது. அது தொலைக்காட்சியில் வர 1983 ஆயிற்று. கை நம்முடையதாக இருந்தது. குரல்? 2009இல் வந்த ‘கெங்’ திரைப்படத்தில் விலங்குகளோடு பேசத் தெரிந்த ராஜு வருகிறான். உப்பின் இப்பினின் டுரியான் ருந்து கம்பத்தில் அவனுடைய தந்தை அங்கிள் முத்து கடை வைத்திருக்கிறார். பொபொய்பொய்யில் பொருளையெல்லாம் உணவாக மாற்றும் ஆற்றல் படைத்த கோபால் வருகிறான். பிள்ளைகள் இவர்களை மனதார நேசிக்கிறார்கள். அதை நான் சிறிதும் குறைத்துச் சொல்லவில்லை. கோபாலின் குரல் சுபிர் முகம்மது ஜக்காரியாவினுடையது; திறமையான, உயிருள்ள குரல். ஆனாலும் கோபாலின் பயமும் பசியும் நம் காதில் தெளிவாக ஒலிக்கும் அளவுக்கு, அவன் வீட்டுத் தமிழ் அவனுடைய மலாயில் எங்கே தங்கியிருக்கிறது என்பது ஒலிப்பதில்லை. ஒரு தமிழ்ப் பையன் மலாய் பேசும்போது வல்லினம் எங்கே மெலிகிறது, எந்த அசையில் குரல் எழுகிறது, வாக்கியம் எங்கே போய் ஓய்கிறது என்பதெல்லாம் தோட்டப்புறத்திலும் செந்தூலிலும் பல தலைமுறையாக உருவான இசை. அந்த இசை கேட்டுக் கற்கப்படாதபோது பாத்திரம் நிறத்தாலும் பெயராலும் மட்டும் இந்தியனாகிறது.

‘நடிப்பு என்றாலே பிறராவதுதானே? மலாய்க்காரர் இந்தியராகப் பேசுவதை மறுத்தால், பெண் சிறுவனாகப் பேசுவதையும் மறுக்கவேண்டாமா?’ இந்த மறுப்பில் நியாயம் இருக்கிறது. குரலுக்கு இனச் சான்றிதழ் கேட்கும் வாதத்தை நான் ஏற்கவில்லை. ‘சிம்ப்சன்ஸ்’ தொடரின் இந்தியக் கடைக்காரர் அப்புவுக்குப் பல பத்தாண்டுகள் பேசிய ஹாங்க் அஸாரியா, ஹரி கொண்டபோலுவின் 2017 ஆவணப்படம் கிளப்பிய விவாதத்துக்குப் பின், 2020இல் அந்த வேடத்திலிருந்து விலகினார். அந்த விவாதத்திலிருந்து பலர் எடுத்துக்கொண்ட முடிவு ‘அவரவர் இனத்துக்கு அவரவர் குரல்’ என்பது. எனக்கு அது பாதி வழியில் நின்றுவிட்ட முடிவாகப் படுகிறது. சிறுவனாகப் பேசும் பெண் சிறுவர்களை ஆண்டுக்கணக்கில் கேட்டவர். தன் வீட்டில், தன் வகுப்பில், தன் குழந்தைப் பருவத்திலேயே கேட்டவர். அப்புவின் குரலோ ஒரு பகுதி மற்றொரு கேலிக் குரலைக் கேட்டுப் பிறந்தது. வேறுபாடு இரத்தத்தில் இல்லை, செவியில் இருக்கிறது. செவியைப் பழக்குவது பயிற்சியாளரின் வேலை. தமிழ்ப் பேச்சின் மூச்சறிந்த மேடை நடிகை ஒருவர் ஒலிக்கூடத்தில் குரல் பயிற்றுநராக அமர்ந்தால், கோபாலுக்கு யார் பேசினாலும் கோபால் கோபாலாகப் பேசுவான்.

‘அப்படியோர் இசை உண்மையிலேயே உண்டா, கொச்சைக்குப் பெருமை தேடுகிறோமா?’ என்றும் கேட்கப்படலாம். சஞ்சய் குமார் பெருமாள் இயக்கிய ‘ஜகாட்’ (2015) திரைப்படமே இதற்கு விடை. கெட்டவன் என்று பொருள்படும் மலாய்ச் சொல் தமிழ் வாயில் திரிந்த வடிவமே அதன் தலைப்பு. தோட்டம் துண்டாடப்பட்டு நகர விளிம்புக்குத் தள்ளப்பட்ட மக்களின் தமிழை அது சென்னைத் திரைத்தமிழாக மாற்றாமல் அப்படியே பேசியது. எந்த மொழிப் படம் எந்தப் பிரிவில் போட்டியிடலாம் என்ற சர்ச்சைக்கு நடுவே 2016 மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியப் படமாக வென்றது. இந்நாட்டுத் தமிழின் ஒலி கலைக்குப் போதுமானது என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டியதில்லை. ஆனால் நம் பிள்ளைகள் கார்ட்டூனில் கேட்ட தமிழ் அதுவன்று. 2007இல் தொடங்கிய சுட்டி டிவி, டோராவையும் ஜாக்கி சானையும் சென்னை ஒலிக்கூடங்களின் தமிழில் அவர்களிடம் கொண்டுவந்து சேர்த்தது. அந்த டப்பிங் கலைஞர்களுக்கு நாம் நன்றிக்கடன் பட்டிருக்கிறோம். வீட்டில் மலாயும் ஆங்கிலமும் கலந்து பேசிய எத்தனையோ பிள்ளைகளுக்குத் தமிழில் சிரிக்க அவர்கள்தாம் கற்றுத்தந்தார்கள். கார்ட்டூன் தமிழ் ஓர் ஊரிலிருந்தும் கார்ட்டூன் மலாய் இன்னொரு கூடத்திலிருந்தும் வர, தன் தெருவில் பேசப்படும் பேச்சை எந்தக் கார்ட்டூனிலும் கேட்காத பிள்ளை அது பேச்சே இல்லை என்று எண்ணிக்கொள்ளும். நான் அஞ்சுவது அதைத்தான்.

சந்தை சிறியது என்பார்கள்: மலேசிய மக்கள்தொகையில் இந்தியர் நூற்றுக்கு ஏழு பேர்கூட இல்லை. தனித் தமிழ்க் கார்ட்டூனுக்கு அது உண்மையான தடைதான். ஆனால் இங்கே கேட்கப்படுவது தனிக் கார்ட்டூன் இல்லை. ஏற்கெனவே லட்சக்கணக்கான பிள்ளைகள் பார்க்கும் படங்களில் இருக்கும் பாத்திரங்களுக்குப் பயின்ற குரல். அதற்கான செலவு ஒலிக்கூடத்தில் இல்லை, பள்ளியில் இருக்கிறது. பள்ளியில் அது ஏற்கெனவே பாதி செய்யப்பட்டும் இருக்கிறது. ‘ஆதிவீராகு’ (2017) என்ற மலாய்த் திரைப்படத்தை நினைத்துப் பாருங்கள். கெடாவில் ஒரு கிராமத்துப் பள்ளியில் ஆங்கிலம் பேசத் தயங்கிய பிள்ளைகளைக் கூட்டுக் குரல் பேச்சுப் போட்டிக்கு ஆயத்தம் செய்த செரில் ஆன் பெர்னாண்டோ என்ற ஆசிரியையின் உண்மைக் கதை. ஆசிரியையாக நடித்த சங்கீதா கிருஷ்ணசாமிக்கு அவ்வாண்டு சிறந்த நடிகை விருது கிடைத்தது. விருதைவிட எனக்கு முக்கியமாகத் தெரிவது அந்தப் பிள்ளைகள் கற்ற பாடம்: எங்கே மூச்சு வாங்குவது, எந்தச் சொல்லில் சேர்ந்து எழுவது, எங்கே ஒருவர் மட்டும் தனித்து ஒலிப்பது. நடிகை ஆசிரியையாக நடித்த படத்தில் ஆசிரியை நடிப்புக் கலையைத்தான் கற்பிக்கிறார்.

தமிழ்ப்பள்ளிகளில் இதற்கு இணையான வழக்கம் வேரோடி நிற்கிறது. 1816இல் பினாங்கில் ஒரு வகுப்பாகத் தொடங்கிய தமிழ்க்கல்வி இன்று நாடெங்கும் 520க்கு மேற்பட்ட பள்ளிகளாக இருக்கிறது; கதை சொல்லும் போட்டியும் பேச்சுப் போட்டியும் கவிதை ஒப்புவித்தலும் இல்லாத ஆண்டு அவற்றில் கிடையாது. குறை எங்கே என்றால், போட்டிக்குப் பயிற்றுவிக்கும் ஆசிரியைக்கு மூச்சையும் குரலையும் பற்றி எவரும் கற்பித்ததில்லை; தன் தொண்டையைத் தானே தேய்த்து, பிள்ளைகளைக் கத்தவைத்துப் பழக்குகிறார். மேடையிலும் ஒலிக்கூடத்திலும் உழைத்த ஒரு நடிகை வாரம் இரண்டு மணி நேரம் அந்த ஆசிரியைக்கும் மாணவர்களுக்கும் கிடைத்தால், கத்தல் பேச்சாகும். கிள்ளானில் சிம்பாங் லீமா தமிழ்ப்பள்ளி நாட்டின் மிகப் பெரிய தமிழ்ப்பள்ளிகளில் ஒன்று. அதன் ஆறாம் ஆண்டு வகுப்பில் கதை சொல்லப் போகும் பையனுக்கு அடுத்த ஆண்டே மகரக்கட்டு வந்துவிடலாம். பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் பெண்ணோ, பயின்றால், இன்னும் முப்பது ஆண்டுகள் ஒரு ராஜுவாகவோ கோபாலாகவோ பேச முடியும். கிள்ளான் நிலையத்திலிருந்து ஷா ஆலாம் மூன்றாவது நிறுத்தம்.